உயிரோடு இருந்த அம்மாவுக்குக் கோடிப் புடவை

முசிறி மாமா ஆட்டோவிலிருந்து இறங்கும்போதே அழுதுகொண்டு இறங்கினார். ஒரு கையில் ரோஜா மாலை. இன்னொரு கையில் ஜவுளிக்கடைப் பை. பின்னால் அத்தையும், அவர்கள் தெருவிலிருந்து கூட வந்த இரண்டு பெண்களும் இறங்கினார்கள். அத்தை கொண்டையை அவிழ்த்துவிட்டபடியே, "எங்களை விட்டுட்டுப் போயிட்டீங்களே அண்ணி" என்று ஆரம்பித்துவிட்டார்.

ஆஸ்பத்திரி வாட்ச்மேன் இதெல்லாம் தினமும் பார்க்கிறவர். "இங்க சத்தம் போடக்கூடாதும்மா. பாடி வாங்குற இடம் பின்பக்கம்" என்று கையை நீட்டி வழிகாட்டினார்.

நான் ஓடிப்போய் மாமாவின் கையைப் பிடித்துக்கொண்டேன். அம்மாவின் கூடப்பிறந்த தம்பி அவர்.

"மாமா, அம்மா இருக்காங்க."

"எங்கடா இருக்கு அக்கா? மார்ச்சுவரியிலயா?"

"ஐ.சி.யூ.ல மாமா. உசுரோட இருக்காங்க."

மாமா என்னைப் பரிதாபமாகப் பார்த்தார். துக்கத்தில் எனக்குப் புத்தி பேதலித்துவிட்டது என்று நினைத்திருக்க வேண்டும். என் தோளைத் தட்டிக்கொடுத்துவிட்டு, வாட்ச்மேனிடமே நேராகப் போய் அம்மாவின் பெயரைச் சொல்லி விசாரித்தார். அவர் உள்ளே கேட்டுவந்து சொன்ன பிறகுதான் நம்பினார். நம்பியதும் செய்த முதல் காரியம், ஜவுளிக்கடைப் பையை முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டது.

பையில் இருந்தது கோடிப் புடவை. கட்டிக்கொடுத்த பெண் இறந்துபோனால் பிறந்த வீட்டிலிருந்து புதுப் புடவை வந்து போர்த்தாமல் எடுக்கக்கூடாது என்பது எங்கள் பக்கத்து வழக்கம். மாமா முறை தவறாதவர். பஸ் ஏறுவதற்கு முன் கடையைத் திறக்கச் சொல்லி வாங்கி வந்திருக்கிறார்.

"பெரிய மாப்பிள்ளைதானேடா போன் பண்ணினாரு" என்றார் மாமா.

"என்ன மாமா சொன்னாரு?"

"அத்தைக்கு ரொம்ப முடியல, ஆஸ்பத்திரியில சேர்த்திருக்கு, உடனே கிளம்பி வாங்கன்னாரு."

"சரியாத்தானே மாமா சொல்லியிருக்காரு. ரொம்ப முடியலதான். ஆஸ்பத்திரியிலதான் சேர்த்திருக்கு."

"முடியலன்னா நெஜமாவே முடியலதான்னு சொல்லித் தொலைக்க வேண்டியதுதானே" என்றார் மாமா.

வேறொரு நாளாக இருந்தால் விழுந்து விழுந்து சிரித்திருப்பேன். அன்றைக்கு முடியவில்லை. ஏனென்றால், அதற்குச் சற்று முன்பு சிங்கப்பூரிலிருக்கும் என் தம்பி ரவியும் இதே தப்பைச் செய்திருந்தான். அம்மா உயிரோடு இருக்கிறாள் என்பதை அவனும் நம்பவில்லை. மாமாவாவது மாலையோடு வந்துவிட்டார். ரவி, வரவே மாட்டேன் என்றுவிட்டான். அம்மாவுக்கு இருப்பது ஓரிரு நாள்தான் என்று டாக்டர் எங்களிடம் தனியாகச் சொல்லியிருந்தார். இப்போது கிளம்பினால் அம்மாவைப் பார்க்கலாம். இல்லாவிட்டால் இந்த ஜென்மத்தில் இல்லை.

தூரம் கூடக் கூட...

போன வாரம் வரை பாத்திரக்கடைக் கதையாகவே எழுதிக்கொண்டிருந்தேன். "உங்கள் வீட்டம்மா இந்தத் தொடரில் எப்போது வருவார்?" என்று ஒரு வாசகி கேட்டிருந்தார். இந்த வாரம் வருகிறாள். அவளுக்காகத்தான் இந்த அத்தியாயமே. அதற்கு முன் பெரிய அத்தானைப் பற்றிச் சொல்லியாக வேண்டும்.

ஒவ்வொரு குடும்பத்திலும் சாவுச் செய்தியைப் போனில் சொல்வதற்கென்று ஒருவர் இருப்பார். எங்கள் குடும்பத்தில் அது பெரிய அத்தான். என் கமலா அக்காவின் வீட்டுக்காரர், மாமாவுக்குப் போன் செய்த பெரிய மாப்பிள்ளை. ரயில்வேயில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். கல்யாணமோ கருமாதியோ, யாரும் கூப்பிடாமலே வந்து இழுத்துப்போட்டுக்கொண்டு வேலை செய்வார். அவரைப் போல ஒரு மனிதர் கிடைப்பது அபூர்வம். இதை முதலிலேயே எழுதிவிடுகிறேன், பின்னால் அவரைக் கேலி செய்யப்போகிறேன் என்பதால்.

அத்தான் இதுவரை யாரிடமும் "இறந்துட்டார்" என்று போனில் சொன்னதில்லை. உள்ளூரில் இருப்பவரிடம் "ரொம்ப மோசமா இருக்கு" என்பார். திருவெள்ளறையில் இருக்கும் சொந்தத்துக்கு "கொஞ்சம் முடியல". சென்னைக்காரருக்கு "ஆஸ்பத்திரியில சேர்த்திருக்கு, டாக்டர் பார்த்துக்கிட்டிருக்கார்". வெளிநாடு என்றால், "கண்ணு முழிச்சு உன்னைத்தான் கேக்குறாரு." தூரம் கூடக் கூட இறந்தவரின் உடல்நிலை தேறிக்கொண்டே போகும்.

ஒருமுறை இதைச் சொல்லி அவரைச் சீண்டினேன். அவர் சிரிக்கவில்லை.

"நீ கடையில உக்காந்து பேசுற. ரோட்டுல வண்டி ஓட்டிட்டு இருக்கிறவன்கிட்ட உங்க அப்பா போயிட்டாருன்னு சொன்னா, அவன் எப்படிப்பா வீடு வந்து சேருவான்? ஒரு சாவுக்கு போன் பண்ணி இன்னொரு சாவைத் தேடிக்கணுமா? வீட்டுக்கு வரட்டும். நாலு பேர் கையைப் பிடிச்சுக்கட்டும். அப்புறம் அழட்டும்."

அவர் சொல்வது தப்பு என்று என்னால் இன்றைக்கும் முழுசாகச் சொல்ல முடியாது. 

பாலத்துல வந்துட்டிருக்கேன்

பொய்யைப் பற்றிப் பேசும் தகுதி எனக்கு உண்டு. திருச்சி பெரிய கடை வீதியில் இத்தனை வருஷமாகப் பாத்திர வியாபாரம் செய்கிறவன். "உங்களுக்காகத்தான் இந்த விலை" என்று காலையிலிருந்து கடை சாத்தும்வரை சொல்கிறேன். வருகிறவர்களும் சளைத்தவர்கள் இல்லை. "பக்கத்துக் கடையில இதைவிடக் கம்மியாச் சொன்னான்" என்பார்கள். பக்கத்துக் கடைப் படியை அவர்கள் மிதிக்கவே இல்லை என்று எனக்குத் தெரியும். எனக்குத் தெரியும் என்று அவர்களுக்கும் தெரியும். கடைசியில் குடத்தை எடுத்துக்கொண்டு சிரித்தபடி போவார்கள். இதில் யார் யாரை ஏமாற்றினார்கள்?

எங்கள் ஊருக்கென்றே ஒரு பொய் இருக்கிறது. "பாலத்துல வந்துட்டிருக்கேன்." ஸ்ரீரங்கத்திலிருந்து திருச்சிக்குக் கிளம்புகிறவர் வேட்டி கட்டிக்கொண்டே இதைச் சொல்வார். திருச்சியிலிருந்து ஸ்ரீரங்கம் வருகிறவர் சத்திரம் பஸ் ஸ்டாண்டில் டீ குடித்துக்கொண்டே சொல்வார். கேட்கிறவர் இன்னும் அரைமணி நேரம் ஆகும் என்று சரியாகக் கணக்குப் போட்டுக்கொள்வார். பழுதுபார்க்கிறோம் என்று, இரண்டு ஊருக்கும் நடுவிலிருக்கும் அந்தக் காவிரிப் பாலத்தில் வண்டிகளை விடாமல் நிறுத்தியிருந்த மாதங்களில் ஊரே திண்டாடியது. சுற்றிக்கொண்டு போவதையாவது பொறுத்துக்கொண்டோம். தாமதத்துக்குச் சொல்ல ஒரு பொய் இல்லாமல் போனதைத்தான் தாங்க முடியவில்லை.

இந்தப் பொய்களால் யாருக்கும் நஷ்டமில்லை. இரண்டு பக்கமும் தெரிந்தே ஆடுகிற ஆட்டம். அத்தானுடைய பொய் வேறு ஜாதி. அங்கே ஒரு பக்கத்துக்குத்தான் தெரியும். இன்னொரு பக்கம் நம்பிக்கையைச் சுமந்துகொண்டு பஸ் ஏறும். நாளாக நாளாக எங்கள் சொந்தக்காரர்கள் விவரமாகிவிட்டார்கள். "முடியல" என்று அத்தான் சொன்னால் வெள்ளை வேட்டியை எடுத்து வைத்துக்கொண்டார்கள். உண்மையிலேயே ஒருவருக்கு முடியாமல் போனால் அதைச் சொல்ல எங்களிடம் வார்த்தையே மிச்சமில்லை என்பதை நாங்கள் யாரும் கவனிக்கவில்லை.

ஒருத்தி மட்டும் கவனித்திருந்தாள்.

சொஜ்ஜி நான் செய்யல

கோமதி முசிறிக்காரி. மாமா பார்த்துச் சொன்ன பெண். அவளைப் பெண் பார்க்கப் போன அன்று சொஜ்ஜி நன்றாக இருந்தது. அம்மா ஒரு வாய் சாப்பிட்டுவிட்டு, "பொண்ணோட கைப்பக்குவம் பரவாயில்லையே" என்றாள். பெண் வீட்டார் எல்லோரும் ஒரே மாதிரி சிரித்தார்கள்.

உள்ளே போகத் திரும்பிய கோமதி நின்றாள். "சொஜ்ஜி நான் செய்யலைங்க. பக்கத்து வீட்டு அக்கா செஞ்சாங்க. பஜ்ஜிக்கு வாழைக்காய் மட்டும் நான் சீவினேன்."

அவளுடைய அப்பாவின் முகத்தை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். ஆயிரம் பொய் சொல்லி ஒரு கல்யாணத்தைப் பண்ணு என்கிற ஊரில், ஒரு பொய்யைக்கூட மிச்சம் வைக்காமல் மகள் போட்டு உடைக்கிறாள். திரும்பி வரும்போது பஸ்ஸில் அம்மா, "வாய் ஜாஸ்திடா" என்றாள். நான், கட்டினால் இவளைத்தான் கட்டுவேன் என்றேன். என் வாழ்க்கையில் நான் செய்த நல்ல வியாபாரம் அது ஒன்றுதான். இதை எத்தனை தடவை வேண்டுமானாலும் பெருமையாகச் சொல்வேன்.

ஆனால், உண்மை பேசுகிறவளோடு குடித்தனம் செய்வது சுலபம் என்று யாரும் நினைக்க வேண்டாம். யார் வீட்டுக்காவது போனால் நாமெல்லாம் "இப்பத்தான் சாப்பிட்டு வந்தோம்" என்போம். கோமதி, "பசிக்குது, என்ன இருக்கு?" என்பாள். ஒரு கல்யாணத்துக்குக் கிளம்பும்போது அம்மா ஆசையாகப் புதுப் புடவையைக் கட்டிக்கொண்டு வந்து, எப்படி இருக்கு என்று கேட்டாள். "இந்தக் கலர் உங்களுக்கு எடுக்கல அத்தை. பழைய மாம்பழக் கலர்தான் எடுப்பா இருக்கும்." அம்மா அந்தக் கல்யாணம் முழுக்க அவளோடு பேசவில்லை. வெட்டு ஒன்று, துண்டு இரண்டு. அதுதான் கோமதி.

ஒரு தடவை அது பெரிய விவகாரமாகவே ஆனது. என் சித்தப்பா இறந்த அன்று, சேலத்திலிருந்த அவர் மகனுக்குச் செய்தி சொல்ல வேண்டிய நேரத்தில் பெரிய அத்தான் ஊரில் இல்லை. கோமதி போனை எடுத்து, "உங்க அப்பா காலைல காலமாயிட்டாருங்க. நீங்க பதறாம வாங்க. நீங்க வர்ற வரைக்கும் எடுக்க மாட்டோம்" என்று சொல்லிவிட்டாள். அவர் அப்போது பஸ் ஸ்டாண்டில் நின்றிருக்கிறார். அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாராம். யாரோ தண்ணீர் தெளித்து எழுப்பியிருக்கிறார்கள். குடும்பமே கோமதியைப் பிடித்துக் காய்ச்சியது. அவளும் அழுதாள். ஆனால், சொன்னது தப்பு என்று மட்டும் சொல்லவில்லை.

"தாங்க மாட்டாருன்னு நாம எப்படிங்க முடிவு பண்றது? செத்தது அவரோட அப்பா. தெரிஞ்சுக்க வேண்டிய முதல் ஆள் அவரு. தெருவுக்கே தெரிஞ்சதுக்கு அப்புறம் கடைசியா அவருக்குத் தெரியணுமா?"

அவர் தரையில் உட்கார்ந்தது உண்மை. அவள் கேட்டதிலும் நியாயம் இருந்தது. நான் இரண்டுக்கும் நடுவில் மாட்டிக்கொண்டேன். அதற்குப் பிறகு, துக்க வீட்டில் கோமதியைப் போன் பக்கம் அண்ட விடக்கூடாது என்பது எங்கள் வீட்டில் எழுதாத சட்டமாகிவிட்டது.

அப்பா போனபோது

ஏழெட்டு வருஷத்துக்கு முன் அப்பா தூக்கத்திலேயே போய்விட்டார். பெரிய அத்தான் ரவியைக் கூப்பிட்டார்.

"அப்பாவுக்குக் கொஞ்சம் முடியலப்பா. பயப்படுற மாதிரி இல்ல. கண்ணு முழிச்சு உன்னைத்தான் கேக்குறாரு. ஒரு எட்டு வந்துட்டுப் போ."

கோமதி பக்கத்தில் நின்று, "ரவிகிட்டயாவது உள்ளதைச் சொல்லிடுங்கண்ணே" என்றாள். அத்தான் கையமர்த்திவிட்டார். ரவி சந்தேகப்பட்டு வீடியோவில் அப்பாவைக் காட்டச் சொன்னான். அத்தான் அதற்கும் அசரவில்லை. கண் ஆபரேஷன் சமயத்தில் அப்பா ஆஸ்பத்திரிக் கட்டிலில் உட்கார்ந்திருந்த பழைய போட்டோ ஒன்றை அனுப்பிவைத்தார். அவன் நம்பிவிட்டான்.

விமானத்தில் வந்த நேரமெல்லாம் சமயபுரத்தாளுக்கு வேண்டிக்கொண்டே வந்திருக்கிறான். ஏர்போர்ட்டிலிருந்து வரும் வழியில் காரை நிறுத்தி இளநீர் வாங்கியிருக்கிறான், ஆஸ்பத்திரியில் இருப்பவருக்கு இளநீராவது கொடுக்கலாமே என்று. டிரைவர் ஆஸ்பத்திரிக்குப் போகாமல் நேராக வீட்டுக்கு வண்டியை விட்டார். தெரு முனையில் திரும்பியதும் பந்தலும் பிளாஸ்டிக் நாற்காலிகளும் தெரிந்தன.

இரண்டு கையிலும் இளநீரோடு இறங்கி நின்றான். எங்கே வைப்பது என்று அவனுக்குத் தெரியவில்லை. நான் போய் வாங்கிக்கொண்டேன். அவன் அழவும் இல்லை, அப்பாவைப் பார்க்க ஓடவும் இல்லை. நேராகப் பெரிய அத்தானிடம் போனான்.

"என்கிட்ட சொல்லியிருந்தீங்கன்னா பிளேன்லயே அழுதுக்கிட்டு வந்திருப்பேன்ல அத்தான்? அப்பா செத்துக் கெடக்கும்போது நான் ஜன்னல் பக்கம் உக்காந்து சாப்பிட்டுக்கிட்டு வந்திருக்கேன்."

அத்தான் அவனைக் கட்டிக்கொள்ளப் போனார். ரவி விலகிக்கொண்டான். காரியமெல்லாம் முடிந்து ஊருக்குக் கிளம்பும்போது எல்லோருக்கும் பொதுவாகச் சொன்னான்: "இனிமே நம்ம வீட்லேருந்து முடியலன்னு யாரு போன் பண்ணினாலும், செத்துட்டாங்கன்னே எடுத்துக்குவேன்."

கோபத்தில் சொல்கிறான், ஆறிவிடும் என்று நாங்கள் நினைத்தோம்.

மோட்டாரை நிறுத்தினீங்களா?

ஆறவில்லை. இப்போது அம்மாவுக்கு நெஞ்சில் நீர் கோத்து ஐ.சி.யூ.வில் சேர்த்த மறுநாள் பெரிய அத்தான் ரவியைக் கூப்பிட்டார். ஸ்பீக்கரில் போட்டிருந்ததால் எங்கள் எல்லோருக்கும் கேட்டது. பழக்க தோஷம், அத்தான் வாயில் அதே வாக்கியம் வந்துவிட்டது.

"கண்ணு முழிச்சு உன்னைத்தான் கேக்குறாங்கப்பா."

 ரவி நிதானமாகக் கேட்டான்.

"சரி அத்தான். எத்தனை மணிக்கு எடுக்குறீங்க?"

அத்தான் பதறிப்போய், "டேய், சத்தியமா இருக்காங்கடா" என்றார். அப்பா விஷயத்திலும் இதே சத்தியத்தைச் செய்திருந்தார் போல. ரவி, "எனக்காக வைக்க வேண்டாம் அத்தான். நான் காரியத்துக்கு வந்துக்குறேன்" என்றான். நான் போனை வாங்கினேன். "அண்ணே, அன்னிக்கும் நீ பக்கத்துலதானே நின்ன?" என்றான் என்னிடம். நர்ஸைக் கெஞ்சியாவது ஒரு போட்டோ எடுத்து அனுப்புகிறேன் என்றேன். பழைய போட்டோக்களை நானும் பத்திரமாக வைத்திருக்கிறேன் என்றான். ஐ.சி.யூ.வுக்குள் போனைக் கொண்டுபோக விடமாட்டார்கள். அம்மா பேசுவதைக் கேட்கவைக்கவும் வழியில்லை.

வாழ்நாள் முழுக்க எல்லோருக்கும் ஓடி ஓடி உழைத்த மனிதர், வராந்தாவில் தலையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். மாமா மாலையோடு வந்து இறங்கியது இதற்குப் பிறகுதான்.

கோமதி உள்ளே அம்மாவுக்குக் கஞ்சி கொடுத்துவிட்டு வெளியே வந்தாள். மாமா கையிலிருந்த பையைப் பார்த்தாள். அத்தானைப் பார்த்தாள். என்ன நடந்தது என்று நான் சொன்னேன். அவள் யாரிடமும் அனுமதி கேட்கவில்லை. என் சட்டைப் பையிலிருந்த போனை எடுத்து ஸ்பீக்கரில் போட்டு ரவியைக் கூப்பிட்டாள். அவள் கையில் போன் போவதை அன்று யாரும் தடுக்கவில்லை.

"தம்பி, நான் கோமதி பேசுறேன்."

ரவி அவளை மேலே பேசவிடவில்லை. "அண்ணி, நீங்க சொல்லுங்க. அம்மா இருக்காங்களா, இல்லையா?"

"இருக்காங்க. இப்பத்தான் ரெண்டு ஸ்பூன் கஞ்சி குடிச்சாங்க. மூணாவது ஸ்பூனைத் துப்பிட்டாங்க, உப்பு இல்லைன்னு. நாளைக்கு இருப்பாங்களான்னு எனக்குத் தெரியாது. டாக்டர் கஷ்டம்னுதான் சொல்றாரு."

"என்னைக் கேட்டாங்களா அண்ணி?"

இந்த இடத்தில் நானாக இருந்தால் என்ன சொல்லியிருப்பேன் என்று எனக்குத் தெரியும். உங்களுக்கும் தெரியும்.

"நேத்து ஒரு தடவை கேட்டாங்க தம்பி. மத்தபடி, மாடித் தொட்டிக்குப் போட்ட தண்ணி மோட்டாரை நிறுத்தினீங்களா, நிறுத்தினீங்களான்னுதான் கேட்டுக்கிட்டே இருக்காங்க."

போனில் முதலில் ஒரு சிரிப்புச் சத்தம் கேட்டது. பிறகு ரவி ஓவென்று அழுதான். அந்த அழுகையைக் கேட்டதும் எனக்குப் புரிந்துவிட்டது, நம்பிவிட்டான். உலகத்தில் எந்தப் பொய்க்காரனுக்கும் அந்த மோட்டார் தோன்றியிருக்காது. அவனைக் கிளப்புவதற்காகச் சொல்கிற பொய்யில் அம்மா மகனைத்தான் கேட்டிருப்பாள்.

"கிளம்புறேன் அண்ணி" என்றான். "வழியில ஏதாவது ஆச்சுன்னா..."

"ஆச்சுன்னா ஆச்சுன்னுதான் சொல்லுவேன். நீங்க எறங்கினதும் என்னைக் கூப்பிடுங்க."

அன்று ஆஸ்பத்திரி வராந்தாவில் எனக்குப் பெருமை பிடிபடவில்லை. அம்மா உள்ளே அப்படிக் கிடக்கும்போது பெருமைப்படலாமா என்று கேட்டால், தெரியாது. பட்டேன். சேலத்துப் பேச்சையும், அம்மாவின் முறைப்பையும், சொந்தக்காரர்களின் ஏச்சையும் வாங்கிக்கொண்டு ஒரு பொம்பளை இத்தனை வருஷமாகக் காப்பாற்றி வைத்திருந்த பேச்சு, எங்கள் யார் பேச்சும் செல்லாத இடத்தில் செல்லுபடியானது. அவள் என் மனைவி.

நீ சொல்லு

மறுநாள் காலையில் ரவி வந்து இறங்கும் நேரத்தில் அம்மா மூச்சுவிடத் திணறிக்கொண்டிருந்தாள். பெரிய அத்தான் கோமதியிடம் வந்தார். கட்டளை போடவில்லை, கெஞ்சினார்.

"அம்மாடி, இதுக்குள்ள ஏதாவது ஆயிட்டாலும், இருக்காங்கன்னே சொல்லிடும்மா. கார்ல தனியா வரணும் அவன்."

"அப்படி நான் ஒரு தடவை சொல்லிட்டேன்னா, நான் சொல்ற 'இருக்காங்க'வுக்கு என்னண்ணே மதிப்பு?" என்றாள் கோமதி. 

போன் வந்தது. கோமதி ஐ.சி.யூ. கதவைத் திறந்து, தன் கண்ணால் ஒரு தடவை அம்மாவைப் பார்த்துவிட்டு வந்து எடுத்தாள். "இருக்காங்க தம்பி. வாங்க."

ரவி வந்தான். நாங்கள் கெஞ்சியதில் நர்ஸ் மனமிரங்கி எங்களை ஒன்றாக உள்ளே விட்டார். அம்மாவுக்கு அப்போது கொஞ்சம் தெளிந்திருந்தது. ஆக்சிஜன் முகமூடியை நகர்த்திவிட்டு ரவியின் கன்னத்தைத் தடவினாள். வெகுநேரம் தடவிக்கொண்டே இருந்தாள். பிறகு அவள் பார்வை மாறியது.

"நீ ஏண்டா வந்த?"

பொய்யே ஆகாது என்று எங்கள் குடும்பத்தையே தள்ளிவைத்திருந்த ரவி, கண்ணைத் துடைத்துக்கொண்டு சொன்னான்: "லீவு கெடைச்சுதும்மா. சும்மா பார்த்துட்டுப் போகலாம்னு வந்தேன்."

"ரெண்டு நாள்ல எழுந்து நடக்கப் போறீங்க அத்தை" என்றார் பெரிய அத்தான்.

"ஆமாம்மா" என்றேன் நான்.

அம்மா எங்கள் மூன்று பேரையும் ஒவ்வொருவராகப் பார்த்தாள். பிறகு தலையைத் திருப்பிக்கொண்டாள்.

"கோமதி, நீ சொல்லு. இவன் எதுக்கு வந்திருக்கான்?"

கமலா அக்கா கோமதியின் கையைப் பிடித்து அழுத்தினாள், வேண்டாம் என்று. கோமதி அந்தக் கையை மெல்ல விலக்கிவிட்டுக் கட்டில் ஓரத்தில் குனிந்தாள்.

"நான்தான் வரச் சொன்னேன் அத்தை. இதுக்கு மேல குடுக்க மருந்து இல்லைன்னு டாக்டர் சொல்லிட்டாரு. ஒண்ணு ரெண்டு நாளுங்கிறாரு, சரியா எத்தனைன்னு அவருக்கும் தெரியல. நீங்க கண்ணு முழிச்சிருக்கும்போதே ரவி உங்களைப் பார்க்கணும்னு கூப்பிட்டேன்."

அக்காவுக்குப் பொறுக்கவில்லை. "சாகக் கெடக்குறவங்ககிட்ட இப்படியா பேசுவ? உனக்கு நெஞ்சுல ஈரமே இல்லையா கோமதி?"

அம்மா கையைத் தூக்கி அக்காவை நிறுத்தினாள்.

"அவளை ஏன்டி ஏசுற? நீங்கள்லாம் ரெண்டு நாளா என்னைச் சுத்தி நின்னுக்கிட்டு, பொணத்தை வச்சுக்கிட்டுப் பேசுற மாதிரி உங்களுக்குள்ளேயே பேசிக்கிறீங்க. இவ ஒருத்திதான் நான் உசுரோட இருக்கேன்னு நெனச்சு எங்கிட்டப் பேசுறா."

மூச்சு வாங்கியது.  பிறகு கோமதியின் விரலைப் பிடித்துக்கொண்டாள். பிள்ளைகள் இரண்டு பேர் நின்றோம், பெண் நின்றாள், மாப்பிள்ளை நின்றார். அம்மா எங்களிடம் கேட்கவில்லை.

"என்னை வீட்டுக்குக் கூட்டிட்டுப் போயிடு கோமதி. இந்த மெஷினுக்கு நடுவுல வேண்டாம்."

"கூட்டிட்டுப் போறேன் அத்தை. ஆனா ஆம்புலன்ஸ் வழியெல்லாம் குலுங்கும். உங்களுக்கு வலிக்கும்."

"வலிக்கட்டும்" என்றாள் அம்மா.